கல் காயும்வரை

கார்த்திகை மாதத்தில் ஈச்சங்கொம்பைக்கு நாலு மணிக்கே பொழுது அடைந்துவிடும். கீழே எஸ்டேட் காப்பிக்காட்டிலிருந்து மூடுபனி ஏறி வந்து முதலில் பலா மரங்களை மறைக்கும், அப்புறம் ஆட்டுப்பட்டியை, அப்புறம் ஊரையே. காளியாயி அந்த நேரத்துக்கெல்லாம் பழக்கூடையை இறக்கிப் போட்டுவிட்டு ஓடைக்கரைக்கு ஓடிவிடுவாள். தான் பறித்த காப்பிப்பழத்தை எஸ்டேட் கணக்கு ரைட்டர் தன் பேரில் எழுதிக்கொண்டாரா இல்லையா என்றுகூடத் திரும்பிப் பார்க்க மாட்டாள். பெண்டுகள் சிரிப்பார்கள். சிரித்தால் சிரித்துவிட்டுப் போகட்டும். அவளுடைய எட்டு வயது மகள் பள்ளிக்கூடம் விட்டு அந்த ஓடையைத் தாண்டித்தான் வீட்டுக்கு வரவேண்டும்.

அன்றைக்கும் ஓடினாள். மதியம் பெய்த மழையில் ஓடை செம்மண்ணைக் கரைத்துக்கொண்டு சுழித்துப் போனது. அக்கரையில் பிள்ளைகளின் பேச்சுச் சத்தம் கேட்டது, ஆள் ஒன்றும் தெரியவில்லை.

"வள்ளீ! அங்கயே நில்லு கண்ணு! எறங்காத சாமி, அம்மா வாறேன்!"

தண்ணீரின் இரைச்சலில் அது யாருக்குக் கேட்கும்? வள்ளி இறங்கிவிட்டாள். இரண்டாவது கல்லில் பாசி. ஒரு சின்ன அலறல், அவ்வளவுதான். காளியாயி சேலையோடு பாய்ந்தாள். கீழே ஒரு காட்டு நாவல் மரத்தின் வேர் ஓடைக்குள் நீட்டிக்கொண்டிருந்ததால் பிழைத்தது, பிள்ளை அதில் போய் மாட்டிக்கொண்டது. தூக்கிக் கரையில் போட்டபோது பல் தந்தியடிக்க அந்தப் பிள்ளை சொன்னது, "அம்மா, சிலேட்டு போயிருச்சு." காளியாயி முதுகில் ஒன்று வைத்தாள். வைத்த கையோடு கட்டிக்கொண்டு ஓவென்று அழுதாள்.

அன்று பிடித்த பயம் அவளை விடவில்லை. அடுப்பில் களி கிண்டும்போது தண்ணீர் கொதிக்கிற சத்தமே ஓடைச் சத்தமாகக் கேட்கும்.

ஏன் இந்தப் பிள்ளைகள் ஓடையைத் தாண்டவேண்டும், ஊருக்குள் பள்ளிக்கூடம் கிடையாதா என்று கேட்பீர்கள். இருந்தது. ஓட்டுக் கட்டடம், அஞ்சாவது வரைக்கும் வகுப்பு, எல்லாவற்றுக்கும் அற்புதம் டீச்சர் ஒரே ஆள். போன ஆனியில் சர்க்கார் அதை எடுத்துக்கொண்டு போய்விட்டது. பிள்ளைகள் குறைவாம், ஆகையால் மேட்டுக்காட்டோடு சேர்த்தாயிற்றாம். மேட்டுக்காடு ரோட்டோர ஊர், ஜீப் போகும். எங்கேயோ உட்கார்ந்து மேப்பைப் பார்த்த மகராசனுக்கு இரண்டு ஊரும் ஒட்டிக்கொண்டிருப்பதாகத் தெரிந்திருக்கும். நடுவில் ஓடுகிற ஓடையை அவன் என்னத்தைக் கண்டான்!

பெட்டி கட்டிக்கொண்டு கிளம்பிய அன்றே அற்புதம் டீச்சர் காளியாயியின் புருஷன் குழந்தைவேலைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார்.

"அண்ணே, நான் சர்க்கார் சம்பளம் வாங்கறவ. நான் சொன்னேன்னு வெளிய உட்றாதீங்க. சேலத்துல பெரியநாயகம்னு ஒரு வக்கீலு, எங்க மாதா கோயில்காரரு. அவரப் போய்ப் பாருங்க. மெட்ராஸ் கோர்ட்டுல கேட்டா நிறுத்தி வெக்கலாம். ஆனா இப்பவே போகோணும். மேட்டுக்காட்டுல புதுக் கட்டடம் எழும்பிருச்சுன்னா அப்பறம் நொம்பக் கஷ்டம்."

"போயிரலாமுங்க டீச்சர்," என்றான் குழந்தைவேல்.

போகவில்லை. சோம்பலா என்றால் அதுதான் இல்லை. விடிவதற்குள் மண்வெட்டியோடு நிற்கிற ஆள் அவன். சங்கதி வேறு. கோர்ட்டுக்குப் போனால் சத்தியம் பண்ணவேண்டும். ஈச்சங்கொம்பையில் சத்தியம் என்ற சொல்லை யாரும் சும்மா வாயில் வைப்பதில்லை. மாரியாத்தாளிடம் உத்தரவு கேட்காமல் சத்தியம் பண்ணினால் குடும்பத்துக்கு ஆகாது. பொய்ச்சத்தியமாகப் போய்விட்டாலோ கேட்கவே வேண்டாம், யார் பேரைச் சொல்லிப் பண்ணினார்களோ அந்த ஆளைக் கொண்டுபோய்விடும் என்பார்கள். அப்படிப் போனவர்கள் பேரையும் சொல்வார்கள்.

உத்தரவு கேட்பது அமாவாசையன்று. பூசாரி ஐயாக்கண்ணு ஆத்தாளின் கல்லைக் கழுவி, நனைத்த அரளிப்பூவில் ஒன்றை வலது தோளிலும் ஒன்றை இடது தோளிலும் ஒட்ட வைப்பார். வலதுபூ விழுந்தால் போகலாம். இடதுபூ விழுந்தால் கூடாது. இரண்டும் விழவில்லையென்றால் ஆத்தா இன்னும் பேசவில்லை, அடுத்த அமாவாசைக்கு வரவேண்டும். அதுவரைக்கும் ஒருத்தரும் கோர்ட்டுக்குப் போகக்கூடாது என்று ஊர்க் கட்டுப்பாடு. ஆடியில் கேட்டார்கள், விழவில்லை. ஆவணியில் கேட்டார்கள். புரட்டாசி, ஐப்பசி என்று அமாவாசைகள் போய்க்கொண்டே இருந்தன. ஊரே கூடி நிற்கும், வெறுமனே கலையும்.

வள்ளி தண்ணீரில் போய்ப் பிழைத்து வந்த அன்று, பிள்ளைக்குக் கொள்ளு ரசம் வைத்துக் கொடுத்துப் படுக்கப் போட்டுவிட்டுக் காளியாயி புருஷன் முன்னால் வந்து உட்கார்ந்தாள்.

"ஏனுங்க, நாளைக்கே சேலம் போங்க."

"ஆத்தா பேசட்டும் புள்ள."

"ஆத்தா எங்கீங்க பேசுவா? அவ கல்லுத்தான் ஈரம் காயவே மாட்டேங்குதே. இந்தப் பனியில சொவத்துல ஒட்டுன எல கூட உழுகறதில்ல, பூவு மட்டும் உழுந்துருமாக்கும்?"

சொல்லிவிட்டு அவளே வாயைப் பொத்திக்கொண்டாள். குழந்தைவேல் எழுந்து கதவைச் சாத்தினான். யாராவது கேட்டுவிட்டார்களோ என்ற பயம் இல்லை, ஆத்தா கேட்டுவிட்டாளோ என்ற பயம்.

"அப்பிடிப் பேசாத. நான் மட்டும் தனியாப் போயி சத்தியம் பண்ணி, நாளைக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆயிட்டா ஊரு என்னையத்தான சொல்லும்? உனக்குத்தான் பயமா? எனக்கு இல்லியா?"

தை அமாவாசையன்று மலைக்காற்று வறண்டு வீசியது. பூசாரி இன்னும் கையை எடுக்கவில்லை, அதற்குள் வலதுபூ பொத்தென்று விழுந்தது. பெண்டுகள் குலவையிட்டார்கள். ஆத்தா பேசிவிட்டாளாம்! காளியாயியும் குலவையிட்டாள். நாலு நாளாக வெயில் என்பது அவளுக்கு ஞாபகம் வந்தது, அதை அப்படியே விழுங்கிக்கொண்டாள்.

ஊர் கூடிப் பேசி, காப்பிப்பழப் பறிப்பு முடிந்து, மாசி பிறந்ததும் குழந்தைவேல் சேலத்துக்குக் கிளம்பினான். நானும் வருவேன் என்று காளியாயி நின்றாள். ஒண்டிக்கடையில் பஸ் ஏறி, கொண்டை ஊசி வளைவு ஒவ்வொன்றுக்கும் ஜன்னலில் தலையை நீட்டி வாந்தியெடுத்து, சேலத்தில் இறங்கும்போது துவைத்துப் போட்ட துணிபோல இருந்தாள். வக்கீல் வீட்டு முன்னறையில் சுவரில் தலைசாய்த்து உட்கார்ந்துகொண்டாள்.

பெரியநாயகம் வக்கீல் நல்ல மனிதர். பேச்சில்தான் கொஞ்சம் காரம்.

"பள்ளிக்கூடத்த மூடற உத்தரவு எப்ப வந்துச்சு கவுண்டரே?"

"ஆனியிலீங்க."

"இப்ப மாசி! இத்தன மாசம் என்னத்தப் பண்ணிட்டு இருந்தீங்க?"

"ஆத்தா உத்தரவு குடுக்கலீங்க."

வக்கீல் கண்ணாடியைக் கழற்றினார். குழந்தைவேல் பூ ஒட்டுவதையும் விழுவதையும் ஒன்று விடாமல் சொன்னான். அவர் சிரிக்கவில்லை. சிரித்திருந்தாலும் தேவலை என்று காளியாயிக்கு இருந்தது. மனுஷன் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார்.

"இங்க பாருங்க. சர்க்கார் முடிவ எதுத்துக் கேஸ் போடறதுன்னா சூட்டோட சூடாப் போடோணும். உங்க பக்கம் நூறு நியாயம் இருக்கலாம். ஓடை இருக்குது, புள்ளைங்க உசுரு இருக்குது, எல்லாஞ் சரி. ஆனா ஜட்ஜு மொதல்ல அதக் கேக்க மாட்டாரு. இத்தன நாளு ஏன் சும்மா இருந்தேன்னுதான் கேப்பாரு. நீங்க சும்மா இருந்த நேரத்துல அங்க அஸ்திவாரம் போட்டுச் செவுரு எழுப்பிட்டாங்க. டீச்சர மாத்திட்டாங்க. இனி அதையெல்லாம் கலைக்கறதுக்கு கோர்ட்டு யோசிக்கும்."

"அப்ப ஒண்ணும் ஆகாதுங்களா?"

"லேட்டானதுக்கு ஒரு காரணம் வேணும். பூவு உழுகலேன்னு எழுதுனா எடுத்த எடுப்புலயே தூக்கிப் போட்ருவாங்க. ஊட்டுல யாருக்காச்சும் ஒடம்பு சொகமில்லாம இருந்துச்சா?"

குழந்தைவேல் தலையைக் குனிந்துகொண்டான். வக்கீலின் பார்வை சுற்றி வந்து, சுவரில் சாய்ந்து வெளுத்துக் கிடந்த காளியாயிமேல் நின்றது.

குமாஸ்தா தட்டெழுதிக் கொண்டுவந்த காகிதத்தை வக்கீலே தமிழில் சொன்னார். என் மனைவி காளியாயி ஆனி மாதம் முதல் தை முடிய கொடிய நோயில் விழுந்து உயிருக்குப் போராடிக் கிடந்தாள், அவள் பக்கத்தை விட்டு நகர முடியாததால் நான் உடனே கோர்ட்டுக்கு வர இயலவில்லை, இது சத்தியம்.

காளியாயிக்கு உள்ளங்கால் குளிர்ந்தது. அந்த மாதங்களில் அவள் ஒரு நாள் தலைவலி என்று படுத்ததில்லை. காப்பிப்பழம் பறித்தாள், விறகு சுமந்தாள், ஓடையில் பாய்ந்தாள்.

"சாமி, சத்தியம்னுதானே எழுதியிருக்குது?" என்று குழந்தைவேல் மெதுவாகக் கேட்டான்.

"அபிடவிட்டுன்னாவே சத்தியப் பத்திரம்தான் கவுண்டரே. வழக்கமா எழுதறதுதான். நான் வெளிய இருக்கேன், யோசிச்சு முடிவு பண்ணுங்க."

அவர் எழுந்து போனதும் இரண்டு பேரும் மேஜைமேலிருந்த காகிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வேண்டாம் புள்ள. ஊட்டுக்குப் போலாம்," என்றான் அவன்.

"போயி?"

"உம் பேரு போட்டிருக்குது புள்ள. நாஞ் சத்தியம் பண்ணி உனக்கு ஏதாச்சும்…"

"எம் பேருதானுங்க போட்டிருக்குது. வள்ளி பேரு இல்லியே." அவள் முந்தானையை உதட்டில் அழுத்திக்கொண்டாள். "ஐப்பசி மழைக்குள்ள கேசு செயிச்சா புள்ள மறுக்கா ஓடையில எறங்க வேண்டியதில்ல. கையெழுத்தப் போடுங்க."

"பயமாயிருக்குது."

"எனக்கும்தான் இருக்குது. சீக்கிரம் போடுங்க, நான் மாத்திச் சொல்றதுக்குள்ள."

அவன் கையெழுத்துப் போட்டான். குமாஸ்தா அதன்மேல் முத்திரையை ஓங்கிக் குத்தினார். காளியாயிக்கு அது நெஞ்சில் குத்தியதுபோல இருந்தது.

அதற்கப்புறம் அந்த வீட்டில் நடந்த கூத்தைப் பார்த்திருந்தால் சிரிப்பதா அழுவதா என்று உங்களுக்கே தெரியாது. குழந்தைவேல் பெண்டாட்டி கையிலிருந்து மண்வெட்டியைப் பிடுங்கிக்கொண்டான். "நீ ஒக்காரு புள்ள," என்பான். சாமைச்சோற்றில் தன் பங்குக் கருவாட்டை எடுத்து அவள் வட்டிலில் போடுவான். அவள் இருமினால் எங்கே இருந்தாலும் ஓடி வருவான். சித்திரையில் அவளுக்கு லேசாகக் காய்ச்சல் கண்டபோது சுக்குக் கஷாயத்தை வைத்துக்கொண்டு பக்கத்திலேயே குந்தியிருந்தான். காகிதத்தில் எழுதினது வந்துவிட்டது என்றுதான் இரண்டு பேரும் நினைத்தார்கள். மூன்றாம் நாள் வேர்த்துக் காய்ச்சல் விட்டது. வைகாசியில் சேர்வராயன் கோயில் திருவிழாவுக்கு ஏறியபோது சனத்தோடு சனமாக நின்று கும்பிட்டாள். என்ன வேண்டிக்கொள்வது என்றுதான் தெரியவில்லை. சாகக் கிடந்தேன் என்று சொல்லியாயிற்று, பிழைக்க வை என்று எந்த வாயால் கேட்பாள்?

பழையபடி ஆடி வந்தது, மழை வந்தது. மேட்டுக்காட்டுக் கட்டடத்துக்குச் சுண்ணாம்பு அடித்துவிட்டார்கள் என்று வள்ளி வந்து சொன்னாள். "நொம்ப அழகா இருக்குதும்மா," என்றாள். காளியாயி அவள் ஈரத்தலையை முந்தானையால் துவட்டிவிட்டாள்.

ஐப்பசியில் தீர்ப்பாகிவிட்டது, வரச் சொல்லுங்கள் என்று வக்கீலிடமிருந்து அற்புதம் டீச்சர் மூலமாகச் செய்தி வந்தது. இந்தத் தடவை பூசாரி ஐயாக்கண்ணும் கூட வந்தார். காளியாயிக்குப் பெரிய மாமனார் முறை.

வக்கீல் உட்காரச் சொல்லிவிட்டு, தான் நின்றுகொண்டே சொன்னார்.

"தள்ளுபடி பண்ணிட்டாங்க கவுண்டரே. கேசு போயிருச்சு. தாமதமா வந்துட்டீங்கன்னுதான். சர்க்கார் உத்தரவு சரியா தப்பாங்கறதுக்குள்ளயே போகல."

"அந்தக் காரணம்…" என்றான் குழந்தைவேல்.

"படிச்சாரு. ஜட்ஜு நல்ல மனுசன்தான், பொறுமையாக் கேட்டாரு. அப்பறம் ஒரே ஒரு கேள்வி. சரி, இவரு சம்சாரம் சாகக் கெடந்துச்சு, இவரால வர முடியல. அந்த ஊர்ல வேற பெத்தவங்களே இல்லியா? அவங்க புள்ளைங்களும்தான ஓடையத் தாண்டுது. அதுல ஒருத்தர்கூட ஏன் வரலேன்னு கேட்டாரு. என்னால வாயத் தொறக்க முடியல."

வெளியே ரோட்டில் ஒரு லாரி முக்கிக்கொண்டு போனது. ஐயாக்கண்ணுவுக்கு அந்தக் காகிதத்தில் இருந்ததே அப்போதுதான் தெரியும். அவர் வாயைத் திறந்தபடி காளியாயியைப் பார்த்தார்.

காளியாயிதான் பேசினாள்.

"ஏனுங்க வக்கீலய்யா, நெசத்தையே எழுதியிருந்தா? ஊரே காத்துக் கெடந்துச்சு, ஒருத்தரும் போகக் கூடாதுன்னு கட்டுப்பாடுன்னு எழுதியிருந்தா?"

அவர் கண்ணாடியைத் துடைத்தார். துடைத்ததையே மறுபடியும் துடைத்தார்.

"செயிச்சிருக்கும்னு சொல்ல மாட்டேம்மா. ஆனா அந்தக் கேள்விக்காச்சும் பதில் இருந்திருக்கும்."

"இனி ஒண்ணும் பண்ண முடியாதுங்களா?"

"அப்பீல் இருக்குது. முப்பது நாளுக்குள்ள போடோணும். தாண்டுச்சுன்னா அதுக்கும் ஒரு காரணம் எழுதோணும். அப்பீல்ல நெசத்தச் சொல்றதுன்னா முன்ன சொன்னது பொய்யின்னு நம்மளே ஒத்துக்கற மாதிரி. கவுண்டரத்தான் மொதல்ல புடிப்பாங்க. எழுதுனவன் நானு, என்னையும் உட மாட்டாங்க. யோசிச்சுட்டு வாங்க."

திரும்புகிற பஸ்ஸில் காளியாயிக்கு வாந்தி வரவில்லை. சும்மா, ஒன்றுக்கும் இல்லாமல், அவள் உயிரைக் கொண்டுபோய் அந்தக் காகிதத்தில் வைத்தாயிற்று. பள்ளிக்கூடமும் வரவில்லை. முன்சீட்டில் ஐயாக்கண்ணு திரும்பிக் குழந்தைவேலிடம் சொன்னார், "கெடக்குது உடு தம்பி. வார அமாவாசைக்கு ஆத்தாகிட்ட அப்பீலுக்குப் பூக் கேட்டுப் பாத்தரலாம்."

குழந்தைவேல் தலையாட்டினான். காளியாயி ஜன்னலுக்கு வெளியே பார்த்தாள். ஏற ஏற மலை காணாமல் போய்க்கொண்டிருந்தது. கண்ணாடியில் மழைத்துளி விழ ஆரம்பித்தது.

கரடியூர்ப் பக்கம் போகிற பஸ்ஸுக்கு மாறி, இறங்கி நடந்து, ஓடைக்கு மேலே இருக்கிற மாரியாத்தா கோயில் கிட்டே வந்தபோது பள்ளிக்கூடம் விடுகிற நேரம். நல்ல மழை. ஓடை இரைவது மேலேயே கேட்டது. கூரையில்லாத கோயில் அது, வெறும் கல்தான். கல்லெல்லாம் தண்ணீராக வழிந்தது. காலையில் யாரோ வைத்த அரளிப்பூ வலது தோளில் அப்படியே ஒட்டிக்கொண்டிருந்தது.

ஐயாக்கண்ணு கையெடுத்துக் கும்பிட்டார். "அமாவாசைக்கு வாறோமாத்தா. ஒரு வழி சொல்லு."

"மாமா, சித்த தள்ளிக்குங்க," என்றாள் காளியாயி.

அவள் கல்லின் முன்னால் போய் நின்றாள். கை கூப்பினாள்.

"ஆத்தா, நான் கேக்க வல்ல. சொல்லத்தான் வந்தேன். நாளைக்கு நாங்க சேலம் போறோம். எனக்கு ஒரு நோவும் இல்ல, உனக்காகத்தான் ஊரே காத்துக் கெடந்துச்சுன்னு சொல்லப் போறோம். உம் பேரக் கோர்ட்டுல சொல்லப் போறோம். அமாவாச வரைக்கும் என்னால ஆகாது. மழ நிக்கோணும், கல்லு காயோணும், பூவு உழுகோணும். அதுக்குள்ள எம் புள்ள எத்தன தடவ எறங்கோணும்? கோவமிருந்தா எம்மேல காட்டு ஆத்தா. ஏற்கெனவே எம் பேரு எழுதியாச்சு. ஓடையில மட்டும் காட்டிராத."

"ஏ புள்ள, என்ன பேச்சு இது!" என்று ஐயாக்கண்ணு பதறினார்.

குழந்தைவேல் அவளுக்குப் பக்கத்தில் வந்து நின்றான். முகமெல்லாம் மழை. "கையெழுத்துப் போட்டது நானு," என்று கல்லைப் பார்த்துச் சொன்னான். "மாத்திச் சொல்றதும் நானே சொல்லிக்கறேன் ஆத்தா."

பூ விழுந்ததா என்று காளியாயி பார்க்கவில்லை. பார்த்தால் நின்றுவிடுவோம் என்று அவளுக்குத் தெரியும். சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சரிவில் இறங்கி ஓடினாள்.

பனிக்குள் பிள்ளைகள் சத்தம் கேட்டது. அவள் கத்திக்கொண்டே தண்ணீரில் கால் வைத்தாள். முழங்கால், தொடை, இடுப்பு. இழுத்தது. பின்னால் யாரோ அவள் கையைப் பிடித்தார்கள், குழந்தைவேல். அவன் கையை யாரோ பிடித்தார்கள். திரும்பிப் பார்த்தால் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஐயாக்கண்ணு, "மாரியாயி, மாரியாயி" என்று முணுமுணுத்துக்கொண்டே, கரையிலிருந்த நாவல் வேரை மறுகையால் பற்றியபடி நின்றார்.

அக்கரையில் புத்தகப்பையைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு வள்ளி முதலாளாக நின்றிருந்தாள். காளியாயி அவளைத் தூக்கி இடுப்பில் வைத்தாள். பிள்ளை கனத்திருந்தாள்.

"அம்மா, கோர்ட்டுல என்ன சொன்னாங்க? நம்ம பள்ளிக்கூடம் திரும்பி வருமா?"

"தெரியல கண்ணு," என்றாள் காளியாயி. "கழுத்தக் கெட்டியாப் புடிச்சுக்கோ."